அடுக்ககத்து வீட்டில் நவராத்திரிக் கொலு: படி கட்டுவது முதல் பெட்டியில் எடுத்து வைப்பது வரை ஒரு முழுமையான வழிகாட்டி

புரட்டாசி பிறந்ததும் சென்னையில் முதன்முறையாகக் கொலு வைக்க நினைப்பவர்கள் என்னிடம் கேட்கும் முதல் கேள்வி, எத்தனை படி வைக்கலாம் என்பதுதான். மாலையில் எத்தனை பேர் வீட்டுக்கு வருவார்கள், அவர்கள் எங்கே உட்காருவார்கள் என்று நான் திருப்பிக் கேட்பேன். பொம்மைகளைப் படியில் ஏற்றிவிட்டுக் கதவைச் சாத்திக்கொண்டால் அது அலங்காரமாக மட்டுமே நிற்கும். அக்கம்பக்கத்தார் வந்து பார்த்து, ஒரு பாட்டுப் பாடி, சுண்டல் சாப்பிட்டு, மஞ்சள் குங்குமம் வாங்கிக்கொண்டு போகும்போதுதான் அது கொலு ஆகிறது. வருகிற பெண்களை அம்பாளாகவே பாவித்து உபசரிப்பதுதான் இந்த வழிபாட்டின் உயிர். ஆகவே இந்த வழிகாட்டியில் ஒவ்வொரு வேலையையும் விருந்தினரை மனத்தில் வைத்தே சொல்லியிருக்கிறேன்.

நாளும் முன்னேற்பாடும்

மகாளய அமாவாசைக்கு மறுநாள் பிரதமையில் நவராத்திரி தொடங்குகிறது. திதியைப் பொறுத்து இது ஆண்டுதோறும் முன்பின்னாக வரும். 2024ஆம் ஆண்டில் அக்டோபர் 3ஆம் தேதியும், 2025ஆம் ஆண்டில் செப்டம்பர் 22ஆம் தேதியும் தொடங்கியது. முதல் மூன்று நாட்கள் துர்க்கைக்கும், நடு மூன்று நாட்கள் இலட்சுமிக்கும், கடைசி மூன்று நாட்கள் சரஸ்வதிக்கும் உரியவை. பத்தாம் நாள் விஜயதசமி.

வேலைக்குப் போகிறவர்கள் ஒன்பது நாளும் மாலை ஐந்து மணிக்கு வீட்டில் இருக்க முடியாது. அதற்காகக் கொலுவே வேண்டாம் என்று விட்டுவிடத் தேவையில்லை. ஒன்பது நாளும் விளக்கேற்றி நைவேத்தியம் செய்யுங்கள். விருந்தினரை அழைப்பதற்கு மட்டும் ஒரு வெள்ளிக்கிழமையும் ஒரு சனி, ஞாயிறும் என மூன்று நாட்களைத் தேர்ந்தெடுங்கள். நேரத்தை மாலை ஐந்தரை முதல் எட்டரை வரை என்று வைத்தால், அலுவலகத்திலிருந்து திரும்புகிறவர்களும் உடை மாற்றிக்கொண்டு நிதானமாக வர முடியும். நீங்கள் பிறர் வீட்டுக் கொலுவுக்குப் போக வேண்டிய நாட்களையும் அப்போதே குறித்துவிடுங்கள். தன் வீட்டுக்கு எல்லோரையும் வரவழைத்துவிட்டு, தான் எந்த வீட்டுப் படியும் ஏறாமல் இருப்பது இந்தப் பண்டிகையில் பெரிய குறை.

படி கட்டுதல்

படிகளின் எண்ணிக்கை ஒற்றைப்படையாக இருக்க வேண்டும்: மூன்று, ஐந்து, ஏழு, ஒன்பது. பத்துக்குப் பன்னிரண்டு அடிக் கூடத்தில் ஐந்து படிக்கு மேல் வைத்தால் வருகிறவர்கள் வாசலிலேயே நிற்க நேரிடும். ஒரு படியின் அகலம் 25 சென்டிமீட்டர் என்று கொண்டால், ஐந்து படிகள் சுவரிலிருந்து 125 சென்டிமீட்டர், அதாவது சுமார் நான்கு அடி முன்னால் வந்துவிடும். அதற்கு எதிரே ஜமக்காளம் விரித்து ஆறு பேர் உட்காரவும், முழங்கால் வலி உள்ளவர்களுக்கு இரண்டு நாற்காலி போடவும் இடம் வேண்டும். அவ்வளவு இடம் இல்லையென்றால் மூன்று படியே போதும். மூன்று படியில் வைத்த கொலு எந்த விதத்திலும் குறைந்தது அல்ல.

மடித்து வைக்கக்கூடிய இரும்புப் படிகள் கடைகளில் கிடைக்கின்றன. முதல் ஆண்டிலேயே அவற்றை வாங்க வேண்டாம் என்பது என் கருத்து. டிரங்குப் பெட்டி, மேஜை, பலகை, கட்டாகக் கட்டிய பழைய புத்தகங்கள் ஆகியவற்றை அடுக்கி, மேலே வெள்ளை வேட்டியை இழுத்துப் போர்த்தி, ஓரங்களைக் குண்டூசியால் இறுக்கிவிட்டால் ஒழுங்கான படி வந்துவிடும். நம் பாட்டிமார்கள் அப்படித்தான் கட்டினார்கள். துணி போர்த்துவதற்கு முன் ஒவ்வொரு பலகையையும் கையால் அழுத்தி, ஆடுகிறதா என்று பார்க்க வேண்டும். கீழ்ப்படி கனமானதாக இருக்கட்டும். பொம்மைகள் கிழக்கு நோக்கி இருப்பது வழக்கம். அறையின் அமைப்பு இடம் கொடுக்காவிட்டால், நடை தடைபடாத சுவரை ஒட்டி வைப்பதே நல்லது. சீரியல் விளக்குகளின் ஒயர் நடக்கும் பாதையில் கிடக்கக் கூடாது. எண்ணெய் விளக்கைப் படியில் வைக்காமல் தரையில் தாம்பாளத்தின் நடுவில் வையுங்கள். பட்டுப் பாவாடை கட்டிய குழந்தைகள் ஓடியாடும் இடம் அது.

பொம்மைகள்

நவராத்திரிக்குச் சில வாரங்களுக்கு முன்பே மயிலாப்பூர் வடக்கு மாட வீதியின் நடைபாதையில் பொம்மைக் கடைகள் வந்துவிடும். கபாலீசுவரர் கோயில் குளக்கரையை ஒட்டிய அந்த வீதியில் காலை பத்து மணிக்குள் போனால் கூட்டமில்லாமல் பார்த்து வாங்கலாம். கடைசி வாரத்து மாலையில் போனால் பொம்மையைக் கையில் எடுத்துத் திருப்பிப் பார்க்கக்கூட இடம் இருக்காது. அண்ணா சாலையில் உள்ள பூம்புகார் விற்பனை நிலையத்தின் கொலுக் கண்காட்சியில் பல ஊர்ப் பொம்மைகளை ஒரே இடத்தில் பார்க்கலாம். புரசைவாக்கத்தை ஒட்டிய கொசப்பேட்டையில் மண் வேலை செய்யும் குடும்பங்களிடமே நேராக வாங்கலாம். பண்ருட்டி, காஞ்சிபுரம், மதுரைக்கு அருகிலுள்ள விளாச்சேரி ஆகிய ஊர்களின் பொம்மைகள் சென்னைக்கு வருகின்றன.

வாங்கும்போது மண் பொம்மையா காகிதக்கூழ் பொம்மையா என்று கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். காகிதக்கூழ் எடை குறைவு. பரணில் ஏற்றி இறக்குவது எளிது. ஆனால் ஈரம் பட்டால் ஊறிவிடும். மண் பொம்மை கனமானது, விழுந்தால் உடையும், ஆனால் முகத்தில் வரும் களை வேறு. பொம்மையைத் திருப்பி அடிப்பாகத்தில் விரிசல் இருக்கிறதா, விரல் நுனிகளும் மூக்கும் முழுதாக இருக்கின்றனவா, வண்ணம் கையில் ஒட்டுகிறதா என்று பாருங்கள். செட்டாக வாங்கும்போது தசாவதாரத்தில் பத்தும், அஷ்டலட்சுமியில் எட்டும் இருக்கின்றனவா என்று எண்ணிப் பார்த்தே பணம் கொடுங்கள். ஆண்டுக்கு ஒரு செட், அல்லது ஒரே ஒரு பொம்மை புதிதாகச் சேர்ந்தால் போதும். அப்படிச் சேரும்போது ஒவ்வொன்றுக்கும் வீட்டில் ஒரு கதை இருக்கும்.

முதலில் படியேற வேண்டியவை மரப்பாச்சிப் பொம்மைகள். பெண்ணுக்குத் திருமணத்தின்போது தாய்வீட்டார் சோடியாகக் கொடுத்தனுப்பும் வழக்கம் பல குடும்பங்களில் உண்டு. பழைய மரப்பாச்சிகள் செம்மரத்தில் கடைந்தவை. செம்மரத்தை வெட்டுவதற்கும் விற்பதற்கும் இன்று கடுமையான கட்டுப்பாடுகள் இருப்பதால், கடையில் புதிதாக வாங்கும் சிவப்பு மரப்பாச்சியைச் செம்மரம் என்று நம்பி அதிக விலை கொடுக்க வேண்டாம். அத்தையோ பெரியம்மாவோ தங்கள் பெட்டியில் பயன்படுத்தாமல் வைத்திருக்கும் சோடியைக் கேட்டு வாங்கி, புதிதாகப் பட்டுத் துண்டில் உடை உடுத்தி வைப்பது அதைவிட மேலானது. அப்படிக் கேட்டால் மகிழ்ந்து கொடுக்காத பெரியவர்களை நான் பார்த்ததில்லை.

கலசமும் அடுக்கும் முறையும்

அமாவாசையன்று மாலையோ பிரதமையன்று காலையோ, குடும்ப வழக்கப்படி கலசம் வைக்கலாம். செம்பில் தண்ணீரோ பச்சரிசியோ நிரப்பி, வாயில் மாவிலைகளைச் செருகி, மஞ்சள் பூசிய தேங்காயை அதன்மேல் வைத்து, குங்குமமிட்டு மேல்படியில் அமர்த்த வேண்டும். வைத்த கலசத்தை விஜயதசமி வரை அசைக்கக் கூடாது என்பதால், அதன் பின்னால் இருக்கும் சுவிட்ச் போர்டைத் தொட வேண்டிய தேவை வருமா என்று முன்கூட்டியே பார்த்துக்கொள்ளுங்கள்.

கீழிருந்து மேலாக உயிர்கள் படிப்படியாக உயர்வதைக் காட்டுவதுதான் மரபான அடுக்கு. கீழே புல், செடி கொடி, அடுத்து சங்கு, நத்தை, பிறகு எறும்பு, பூச்சி, பறவைகள், விலங்குகள், மனிதர்கள், முனிவர்கள், மகான்கள், தேவர்கள், உச்சியில் தெய்வங்கள். ஐந்து படியில் இவற்றைச் சேர்த்துச் சுருக்கிக்கொள்ளலாம். மனிதர்களுக்கான படியில் செட்டியாரும் அவர் மனைவியும் அரிசி பருப்புக் கூறுகளைப் பரப்பிக் கடை விரித்து உட்கார்ந்திருப்பார்கள்; அந்தக் கடையின் சின்னக் கிண்ணங்களில் உண்மையான துவரம் பருப்பையும் மஞ்சளையும் நிரப்பும் வேலையைக் குழந்தைகளுக்குக் கொடுத்துவிடுங்கள்.

படிக்குப் பக்கத்தில் போடும் பூங்காவும் அவர்களுடையதே. அமாவாசைக்கு நான்கைந்து நாள் முன்னதாக ஒரு தட்டில் மண் பரப்பி, கேழ்வரகும் கடுகும் தூவி, நாள்தோறும் தண்ணீர் தெளித்து வந்தால், கொலு தொடங்கும் நாளில் பச்சைப் பசேலென்று வயல் தயாராகிவிடும். பேசினில் தண்ணீர் விட்டுத் தெப்பக்குளம், மணலைக் குவித்து மலை, அதன்மேல் ஒரு சிறு கோயில். மெட்ரோ ரயிலும் கிரிக்கெட் மைதானமும் வேண்டும் என்று குழந்தைகள் சொன்னால் மறுக்காதீர்கள். அவர்கள் பார்க்கிற ஊர்தானே அந்தப் பூங்காவில் இருக்க முடியும்?

அழைப்பு

முன்பெல்லாம் வீட்டுச் சிறுமி பாவாடை தாவணி கட்டிக்கொண்டு, குங்குமச் சிமிழைக் கையில் ஏந்தி, வீடு வீடாகப் போய், "எங்க வீட்டுல கொலு வெச்சிருக்கோம், அவசியம் வாங்க மாமி" என்று அழைத்துவிட்டு வருவாள். இன்று அடுக்ககத்தின் வாட்ஸ்அப் குழுவில் ஒரு படத்தைப் போட்டுவிடுகிறோம். குழுவில் போட்ட அழைப்பு தனக்கானது என்று யாரும் எடுத்துக்கொள்வதில்லை. நாளையும் நேரத்தையும் தெரிவிக்க அது உதவும். ஆனால் உங்கள் மாடியில் இருக்கிற வீடுகளுக்காவது குங்குமச் சிமிழுடன் நேரில் போய் அழையுங்கள். வெளியூரிலிருந்து வந்து குடியேறிய குடும்பத்துக்கு, அந்த இரண்டு நிமிட அழைப்புதான் இந்த ஊரில் முதல் உறவாக அமையக்கூடும்.

யாரை அழைப்பது என்பதில் எனக்கு உறுதியான கருத்து உண்டு. கணவரை இழந்த பெண்களைக் கொலுவுக்கு அழைக்காமல் இருப்பதும், அழைத்தாலும் குங்குமத் தட்டை அவர்கள் முன் நீட்டாமல் கடந்து போவதும் இன்னும் சில வீடுகளில் நடக்கிறது. அம்பாளின் பெயரால் ஒரு பெண்ணின் மனத்தைப் புண்படுத்துவது அம்பாளுக்கு உகந்ததாக இருக்க முடியாது. எல்லோர் முன்னும் தட்டை ஒரே மாதிரி நீட்டுங்கள். எடுப்பதும் எடுக்காததும் அவரவர் விருப்பம். வீட்டு வேலைக்கு வருகிற அம்மாவையும், வாட்ச்மேன் குடும்பத்தையும், மாடிப்படி பெருக்குபவரையும் விருந்தினராகவே அழையுங்கள். வேலை நேரத்தில் சமையலறை வாசலில் வைத்துச் சுண்டல் கொடுப்பது அழைப்பு ஆகாது. மாலையில் குழந்தைகளோடு வரச் சொல்லி, மற்றவர்களோடு உட்கார வைத்து, அதே தாம்பூலத்தைக் கொடுப்பதே முறை.

பக்கத்து வீட்டில் இஸ்லாமியக் குடும்பமோ கிறிஸ்தவக் குடும்பமோ இருந்தால் அவசியம் அழையுங்கள். தெய்வத்துக்குப் படைத்ததை உண்ணத் தயங்குகிறவர்கள் இருப்பார்கள். அவர்களுக்காக நைவேத்தியத்துக்கு முன்பே ஒரு பாத்திரத்தில் சுண்டலைத் தனியாக எடுத்து வைத்துவிட்டு, அதைச் சொல்லியே கொடுங்கள். மறுக்கவும் முடியாமல் சாப்பிடவும் முடியாமல் அவர்களைத் தவிக்க விடக் கூடாது.

சுண்டல்

கொலு வீட்டின் பெயர் சுண்டலில்தான் நிற்கிறது. ஒன்பது நாளுக்கும் திட்டம் போட்டு ஒரே தடவையில் மளிகை வாங்கிவிடுங்கள்: வெள்ளைக் கொண்டைக்கடலை, கறுப்புக் கொண்டைக்கடலை, பட்டாணி, காராமணி, பச்சைப் பயறு, மொச்சை, கடலைப் பருப்பு, வேர்க்கடலை. வெள்ளிக்கிழமையில் புட்டு செய்வது பல வீடுகளின் வழக்கம். விருந்தினர் வரும் நாட்களுக்குக் கொண்டைக்கடலையை ஒதுக்குங்கள். அது குழையாது, நேரம் தாங்கும்.

அளவு இதுதான்: ஒரு கிலோ உலர்ந்த கொண்டைக்கடலை ஊறி வெந்தால் இரண்டு கிலோவுக்கு மேல் வரும், ஒரு தொன்னைக்குச் சுமார் 60 கிராம் என்றால் முப்பது பேருக்குக் குறையாமல் கொடுக்கலாம். இரவே ஊற வைத்து, குறைந்தது எட்டு மணி நேரம் ஊறியதும் ஊறிய நீரைக் கொட்டிவிட்டு, புதுத் தண்ணீரில் உப்புச் சேர்த்து வேக வையுங்கள். உப்பைத் தாளிக்கும்போது போட்டால் கடலையின் உள்ளே இறங்காது. சுண்டல் சப்பென்று இருப்பதற்குப் பெரும்பாலும் இதுவே காரணம். பச்சைப் பயறையும் காராமணியையும் குக்கரில் வைத்தால் கண் மூடித் திறப்பதற்குள் குழைந்துவிடும். திறந்த பாத்திரத்தில் வேக வைத்து, நசுக்கினால் நசுங்கும் பதத்தில் உடனே வடிகட்டுங்கள். தாளிப்புக்குக் கடுகு, உளுத்தம்பருப்பு, காய்ந்த மிளகாய், பெருங்காயம், கறிவேப்பிலை. நைவேத்தியம் என்பதால் வெங்காயம் சேர்ப்பதில்லை.

சென்னைப் புழுக்கத்தில் தேங்காய் சேர்த்த சுண்டல் விரைவில் ஊசிப்போகும். ஆகவே மதியமே எல்லாவற்றையும் செய்து மூடி வைக்காதீர்கள். வேக வைத்து வடித்த கடலையைக் குளிர்பதனப் பெட்டியில் வைத்து, நைவேத்தியத்துக்கு மட்டும் முதலில் தாளித்து, பிறகு விருந்தினர் வர வர இரண்டு மூன்று தவணையாகத் தாளித்துத் தேங்காய்த் துருவலைச் சேர்த்துக்கொள்ளுங்கள். வருகிறவர்களுக்குச் சுண்டல் சூடாகவும் கிடைக்கும்.

ஒருமுறை மட்டும் பயன்படுத்தி எறியும் பிளாஸ்டிக் பொருட்களுக்குத் தமிழ்நாட்டில் 2019 ஜனவரி 1 முதல் தடை உள்ளது. மந்தாரை இலைத் தொன்னையோ, வீட்டுச் சிறு எவர்சில்வர் கிண்ணமோ போதும். கிண்ணம் கழுவுவது வீட்டு ஆண்களின் பொறுப்பாக இருக்கட்டும்.

வந்தவரை வரவேற்றல்

செருப்பு விட இடத்தை ஒதுக்கி, வாசலில் அரிசி மாவுக் கோலம் போட்டு வையுங்கள். வந்தவுடன் சந்தனமும் குங்குமமும், பிறகு குடிக்கத் தண்ணீர். பொம்மைகளைத் தாங்களாகப் பார்க்க அவர்களுக்குச் சில நிமிடங்கள் கொடுத்துவிட்டு, அதன்பின் கேட்டால் ஒவ்வொன்றின் கதையைச் சொல்லுங்கள். "ஒரு பாட்டுப் பாடுங்களேன்" என்று கேட்பது மரபு. கூச்சப்படும் குழந்தையை மூன்றாம் முறையும் வற்புறுத்துவது மரபு அல்ல. யாரும் பாடாவிட்டால் வீட்டுக்காரர்களே தெரிந்த ஒரு பாட்டைப் பாடிவிடலாம். தொலைக்காட்சியை அந்த மூன்று மணி நேரமும் அணைத்து வையுங்கள். படம் எடுப்பதற்கு முன்னால், குறிப்பாகப் பிறர் குழந்தைகளை எடுப்பதற்கு முன்னால், அனுமதி கேளுங்கள்.

புறப்படும்போது கொடுப்பது தாம்பூலம். வெற்றிலை இரண்டு, பாக்கு, மஞ்சள், குங்குமம், பூ, ஒரு பழம் அல்லது தேங்காய்; இவ்வளவும் இருந்தால் தாம்பூலம் முழுமை பெற்றுவிடும். கண்ணாடி, சீப்பு, வளையல், ரவிக்கைத் துணி ஆகியவை வசதிக்கு ஏற்ப. பரிசுப் பொருளைப் பற்றி ஒரு வார்த்தை. யாருக்கும் பயன்படாத சிறு பிளாஸ்டிக் கிண்ணங்களும் டப்பாக்களும் ஒரு வீட்டிலிருந்து இன்னொரு வீட்டுக்குச் சுற்றி, சில வேளை கொடுத்தவரிடமே திரும்பி வந்துவிடுகின்றன. அந்தத் தொகையில் நல்ல மஞ்சள் தூள் ஒரு பொட்டலமோ, ஒரு துளசிக் கன்றோ, தேநீருக்கு உதவும் சுக்குப் பொடியோ கொடுத்தால் பெறுகிறவருக்கு அது உதவும். பையும் துணிப்பையாக இருக்கட்டும். மஞ்சப்பையைக் கையில் எடுத்துப் போவதில் இப்போது யாருக்கும் வெட்கம் இல்லை.

தாம்பூலத்தை நின்றபடி அவசரமாகத் திணிக்காமல், விருந்தினரை உட்கார வைத்து, தட்டில் வைத்து இரு கையாலும் கொடுங்கள். வாங்கிக்கொண்டவர் "போய்ட்டு வரேன்" என்பார். லிப்ட் வரும் வரை வாசலில் உடன் நில்லுங்கள்.

சரஸ்வதி பூஜையும் விஜயதசமியும்

ஒன்பதாம் நாள் புத்தகங்களையும் கருவிகளையும் துடைத்து, சந்தனம் குங்குமமிட்டு, கொலுவின் முன் அடுக்கி, பொரி, கடலை, வெல்லம், சுண்டல் வைத்து வழிபட வேண்டும். அன்று படிப்பதில்லை, மறுநாள் காலை எடுத்துச் சில வரிகளாவது படிக்க வேண்டும். மடிக்கணினியில் பிழைக்கிறவர்கள் அதற்கும் பொட்டு வைக்கிறார்கள். அது சரியே, அதுதான் அவர்கள் கருவி. வண்டிக்குத் திருஷ்டி சுற்றிப் பூசணிக்காய் உடைப்பவர்கள், உடைத்த துண்டுகளை உடனே அள்ளி ஓரத்தில் சேர்க்க வேண்டும். நடுச்சாலையில் கிடக்கும் பூசணித் துண்டில் சறுக்கி இருசக்கர வாகனத்தில் வருகிறவர்கள் விழுகிறார்கள்.

விஜயதசமியன்று இரவு மஞ்சளும் சுண்ணாம்பும் கரைத்த நீரில் ஆரத்தி எடுத்து, ஒரு பொம்மையைப் படுக்க வைத்துக் கொலுவை நிறைவு செய்கிறோம். மறுநாளோ அடுத்த நல்ல நாளிலோ கலசத்தை எடுத்து, அதன் நீரைச் செடிக்கு ஊற்றி, அரிசி வைத்திருந்தால் பாயசம் செய்துவிடலாம்.

எடுத்து வைத்தல்

2015 டிசம்பர் வெள்ளத்தின்போது நாங்கள் கோட்டூர்புரத்தில் தரைத்தளத்தில் குடியிருந்தோம். கட்டிலுக்கு அடியில் வைத்திருந்த இரண்டு பெட்டிகளில் தண்ணீர் புகுந்து, என் பாட்டி காலத்து மண் பொம்மைகள் பல கரைந்துபோயின. தண்ணீர் வடிந்ததும் பெட்டியைத் திறந்தபோது, தசாவதாரத்தில் எது எந்த அவதாரம் என்றுகூடத் தெரியவில்லை. அன்றிலிருந்து எங்கள் வீட்டில் பொம்மைப் பெட்டி பரணில்தான் இருக்கிறது. தரைத்தளத்தில் இருப்பவர்கள் இதை அலட்சியம் செய்ய வேண்டாம். கொலு முடிந்த கையோடு வடகிழக்குப் பருவமழை தொடங்கிவிடுகிறது.

பொம்மையை உலர்ந்த மெல்லிய துணியால் தூசி தட்டுங்கள். ஈரத்துணி வண்ணத்தை எடுத்துவிடும். பழைய பருத்தி வேட்டித் துண்டில் முதலில் சுற்றி, அதன் மேல் செய்தித்தாளைச் சுற்ற வேண்டும். செய்தித்தாளின் மை நேராகப் பட்டால் வெளிர்நிற முகங்களில் கறை ஏறிவிடும். மூக்கு, விரல், ஆயுதம் போன்ற நீட்டிய பகுதிகளுக்குப் பஞ்சு வையுங்கள். கனமானவை அடியில், இலேசானவை மேலே. பூச்சி வராமல் இருக்க வசம்பையோ அந்துருண்டையையோ ஒரு துணியில் முடிந்து மூலையில் போடலாம். மழை பெய்யும் நாளில் பெட்டியை மூடாதீர்கள். ஈரக்காற்று உள்ளேயே அடைபட்டுப் பூஞ்சை பிடிக்கும்.

ஒவ்வொரு பெட்டியின் மேலும் எந்தச் செட், எத்தனை பொம்மைகள், எந்தப் படி என்று எழுதி ஒட்டுங்கள். அடுக்கிய படியின் படம் ஒன்றைக் கைப்பேசியில் எடுத்து வைத்திருந்தால், அடுத்த ஆண்டு வேலை பாதியாகக் குறையும். மரப்பாச்சிச் சோடியை மட்டும் கடைசியாகச் சுற்றி, எல்லாவற்றுக்கும் மேலாக வைத்துப் பெட்டியை மூடுங்கள். அடுத்த அமாவாசையன்று முதலில் படியேற வேண்டியவை அவைதாம்.